விரிந்த களத்தில் சிற்பம்: ரோசலிண்ட் கிரவுஸின் சதுரத்தைப் படிப்பது எப்படி

நியூயார்க்கை ஒட்டிய லாங் ஐலண்டில் ரோஸ்லின் என்று ஓர் ஊர். அங்கே ஒரு புல்வெளி. ஒருகாலத்தில் அதன் நடுவில் மண் லேசாக மேடிட்டிருந்தது. கிட்டப் போனால்தான் தரையில் சதுரமாக வெட்டிய குழியும், அதிலிருந்து எட்டிப் பார்த்த ஏணி நுனியும் தெரிந்தன. ஏணியில் இறங்கினால் மரச்சட்டங்கள் தாங்கி நின்ற ஒரு நிலவறை. பாதி முற்றம், பாதி சுரங்கம். கலைஞர் மேரி மிஸ் 1978இல் செய்த தற்காலிகப் படைப்பு இது. ‘பெரிமீட்டர்ஸ்/பெவிலியன்ஸ்/டிகாய்ஸ்’ என்று பெயர்.

இதை என்னவென்று சொல்வது? சுற்றிவந்து பார்க்க உருவம் எதுவும் இல்லை. கட்டடம் என்றால் யாரும் இதில் குடியிருக்கப் போவதில்லை. தோட்டம் என்றாலும் பொருந்தவில்லை. அன்றைய அமெரிக்க விமர்சகர்கள் இத்தகைய படைப்புகளை யோசிக்காமல் ‘சிற்பம்’ என்றே எழுதிவந்தார்கள். அப்படி எழுதுவதால் எது கெடுகிறது என்று ஒருவர் நின்று கேட்டார். அவர் ரோசலிண்ட் கிரவுஸ். அவர் எழுதிய ‘விரிந்த களத்தில் சிற்பம்’ என்ற கட்டுரை, 1979 வசந்தத்தில் ‘அக்டோபர்’ காலாண்டிதழின் 8ஆம் எண்ணில் வந்தது. மேரி மிஸ்ஸின் குழியில்தான் அந்தக் கட்டுரை தொடங்குகிறது. பதினைந்து பக்கம்தான். ஆனால் பின்நவீனக் கலை பற்றி எந்த வகுப்பில் உட்கார்ந்தாலும் முதல் சில வாரங்களுக்குள் அது கையில் வந்துவிடும். பலர் அதில் உள்ள வரைபடத்தை மட்டும் பார்த்துவிட்டு நகர்கிறார்கள். அந்த வரைபடத்தை முறையாகப் போடவும் படிக்கவும் தெரிந்தால், அந்தக் காலத்துக் கலை விமர்சனத்தில் பாதி புரிந்த மாதிரிதான்.

முதலில் பின்னணி. அமெரிக்காவில் 1940கள் தொடங்கி 1960கள் வரை விமர்சகர் கிளெமென்ட் கிரீன்பெர்க்கின் பார்வை ஓங்கியிருந்தது. ஒவ்வொரு கலையும் தன் ஊடகத்துக்கு மட்டுமே உரியதைத் தேடி, மற்றதைக் கழித்துவிட வேண்டும் என்பது அவர் வாதம். ஓவியத்துக்கு உரியது தட்டையான பரப்பு. ஆகவே நல்ல ஓவியம் அந்தத் தட்டைத்தன்மையை நோக்கிப் போகும். கிரவுஸ் இளம் வயதில் அந்த வட்டத்தில் எழுதத் தொடங்கி, பின்னர் விலகியவர். 1976இல் அனெட் மைக்கல்சன் முதலானவர்களோடு ‘அக்டோபர்’ இதழைத் தொடங்கினார். ஒரு பொருளுக்கு அர்த்தம் மற்றவற்றோடு அதற்குள்ள உறவிலிருந்தே வருகிறது என்று பார்த்த அமைப்பியல், அதைத் தொடர்ந்து கேள்வி கேட்ட பின்அமைப்பியல் என்று பாரிஸிலிருந்து வந்த சிந்தனைகளை அமெரிக்கக் கலை விமர்சனத்துக்குள் கொண்டுவந்ததில் அந்த இதழின் பங்கு பெரிது. கழித்துக் கழித்து மிஞ்சியது என்ன என்ற கேள்வியைக் கிரவுஸ் சிற்பத்தின் பக்கம் திருப்பிக் கேட்டார்.

அவருடைய பதிலுக்கு ஒரு வரலாறு தேவைப்படுகிறது. சிற்பம் என்பது நெடுங்காலம் நினைவுச்சின்னமாக இருந்தது. ஓர் இடத்தில் நின்றுகொண்டு, அந்த இடம் எதற்கு உரியது என்று சொல்லும். நம் நடுகல் செய்வதும் அதுதான்: இன்னார் இங்கே விழுந்தார். கிரவுஸ் தரும் உதாரணம் ரோமில் மார்கஸ் அரேலியஸ் குதிரைமேல் அமர்ந்த வெண்கலச் சிலை. அது 1538இல் காம்பிடோலியோ சதுக்கத்தின் நடுவில் வைக்கப்பட்டது, பழைய பேரரசையும் புதிய ரோமின் ஆட்சிபீடத்தையும் முடிச்சுப் போடுவதற்காக. இத்தகைய சிற்பத்துக்குப் பீடம் இன்றியமையாதது. சிலை நிற்கும் மண்ணையும் அது சொல்லும் பொருளையும் பீடம்தான் இணைத்து வைக்கிறது.

பிரெஞ்சுச் சிற்பி ரோடானிடம் வரும்போது இந்த முடிச்சு அவிழ்கிறது. ‘நரகத்தின் வாயில்’ 1880இல் பாரிஸில் வரவிருந்த ஓர் அருங்காட்சியகத்துக்காகப் பணிக்கப்பட்டது. அந்த அருங்காட்சியகம் அங்கே எழவே இல்லை. கதவு எந்தக் கட்டடத்திலும் கதவாகத் திறந்து மூடவில்லை. இன்று அதன் வெண்கல வார்ப்புகள் பல நாடுகளில் நிற்கின்றன. எழுத்தாளர் சங்கம் ஒன்று 1891இல் பணித்த பால்சாக் சிலையும் அப்படியே: 1898இல் காட்சிக்கு வந்த சாந்து உருவைச் சங்கம் ஏற்க மறுத்தது. ஒரு நினைவுச்சின்னத்துக்குப் பல பிரதிகள் பல ஊர்களில் இருக்கின்றன, உரிய இடத்தில் மட்டும் எதுவும் இல்லை என்றால், அது நினைவுச்சின்னமாகத் தோற்றுவிட்டது என்றே பொருள். நவீனச் சிற்பம் இந்தத் தோல்வியில்தான் பிறக்கிறது என்கிறார் கிரவுஸ். இடம் இழந்த, வீடற்ற சிற்பம். அடுத்து ருமேனியச் சிற்பி பிரான்குசி பீடத்தையே சிற்பத்துக்குள் இழுத்துக்கொள்கிறார். ‘முடிவிலாத் தூண்’ முழுக்கப் பீடம்தான். அதன் மேல் நிற்பதற்கு எதுவும் இல்லை. (இங்கே கிரவுஸின் கோடு சற்றுத் தடிமனாகவே விழுகிறது. ருமேனியாவின் துர்கு ஜியுவில் 1938இல் எழுந்த தூண், முதல் உலகப் போரில் இறந்தவர்களுக்கான நினைவுச்சின்னம். அது தன் இடத்தைவிட்டு அகலவில்லை.)

1960கள் வரும்போது இந்த வீடற்ற தன்மையும் வறண்டுபோகிறது. சிற்பம் என்றால் என்ன என்று நேராகச் சொல்ல முடியவில்லை. எது இல்லை என்று மட்டுமே சொல்ல முடிகிறது. ஓவியத்தைப் பார்க்கப் பின்னால் நகரும்போது எதில் இடித்துக்கொள்கிறோமோ அதுதான் சிற்பம் என்று ஓவியர்களிடையே ஒரு பேச்சு உண்டு. பார்னெட் நியூமன் சொன்னதாகக் கிரவுஸ் அதைத் தருகிறார். அவர் காட்டும் இரண்டு சாட்சிகள் ராபர்ட் மோரிஸின் படைப்புகள். 1964இல் நியூயார்க்கின் கிரீன் கேலரியில் மோரிஸ் சாம்பல் வண்ணம் பூசிய ஒட்டுப்பலகை வடிவங்களை வைத்தார். ஒன்று மூலையில் பொருந்தியிருந்தது, ஒன்று கூரையிலிருந்து தொங்கியது. அறைக்குள் இருக்கின்றன, ஆனால் அறையின் பகுதி அல்ல என்பதைத் தவிர அவற்றைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. அடுத்த ஆண்டு கண்ணாடி பதித்த பெட்டிகளைப் புல்தரையில் வைத்தார். புல்லும் மரமும் அவற்றில் தெரிகின்றன. நிலவெளியோடு கலந்துவிட்ட மாதிரி இருக்கிறது, ஆனால் அவை நிலவெளி அல்ல.

கட்டடம் அல்ல, நிலவெளி அல்ல. இந்த இரண்டு ‘அல்ல’களின் கூட்டுத்தான் அப்போது சிற்பம். கட்டுரையின் அச்சாணி இந்த வாக்கியம்தான்.

சதுரத்தைப் போடுவது

ஒரு தாளை எடுத்துச் சதுரம் ஒன்று வரையுங்கள். மேல் இடது மூலையில் ‘நிலவெளி’ என்று எழுதுங்கள். மேல் வலது மூலையில் ‘கட்டடம்’. நிலவெளிக்கு நேர் கீழே ‘நிலவெளி-அல்லாதது’. கட்டடத்துக்கு நேர் கீழே ‘கட்டடம்-அல்லாதது’. இப்போது நான்கு மூலைகளும் நிரம்பிவிட்டன. கீழ்ப்பக்கத்தின் நடுவில், இரண்டு மறுப்புகளுக்கு இடையே, ‘சிற்பம்’ என்று எழுதுங்கள்.

இதுவரை நமக்குத் தெரிந்த சிற்பம் அந்த ஒரு பக்கத்தில் அடங்கிவிட்டது. மீதி மூன்று பக்கங்கள் காலியாக இருக்கின்றன. கிரவுஸின் வாதம் முழுவதும் அந்தக் காலி இடங்களைப் பற்றியது. மேல்பக்கம்: நிலவெளியும் கட்டடமும் ஒருசேர இருப்பது. அதற்கு அவர் தரும் பெயரை ‘இடக் கட்டுமானம்’ எனலாம். இடப்பக்கம்: நிலவெளியும் நிலவெளி-அல்லாததும் சேர்ந்தது, ‘குறியிட்ட இடம்’. வலப்பக்கம்: கட்டடமும் கட்டடம்-அல்லாததும் சேர்ந்தது, ‘அடிகோள் அமைப்பு’.

இந்தச் சதுரம் அவர் கண்டுபிடிப்பு அல்ல. கணிதத்தில் இதற்குக் கிளைன் குலம் என்று பெயர். மனித அறிவியல்களில் அமைப்பியலாளர்கள் பியாஜே குலம் என்பார்கள். குறிகள் எப்படிப் பொருள் தருகின்றன என்று ஆராயும் குறியியலைப் படித்தவர்களுக்கு கிரெமாஸின் சதுரமாக இது பழக்கம். ஓர் இருமையை எடுத்து, இரண்டு சொற்களுக்கும் மறுப்பைச் சேர்த்தால் இரண்டு நான்காகிறது. அந்த நான்கும் ஒன்றோடொன்று சேரக்கூடிய வழிகள் எல்லாம் கண்ணுக்குத் தெரிய வருகின்றன.

புதிதாகப் படிப்பவர்கள் பெரும்பாலும் தடுக்கி விழுவது இங்கேதான். மூலைகளில் இருப்பவை படைப்புகள் அல்ல, வெறும் சொற்கள். படைப்புகள் நிற்பது பக்கங்களில், இரண்டு சொற்களின் இழுவிசைக்கு நடுவில். ‘கட்டடம்’ என்ற மூலையில் ஒரு வீட்டையோ கோயிலையோ கொண்டுபோய் வைத்தால் வரைபடம் செத்துவிடும். இன்னொன்று: தர்க்கப்படி நிலவெளி-அல்லாதது என்பது கட்டடத்தையும், கட்டடம்-அல்லாதது என்பது நிலவெளியையும்தானே குறிக்கும், பிறகு ஏன் நான்கு என்று கேட்பீர்கள். கிரவுஸே இதை ஒப்புக்கொள்கிறார். நான்காக விரிக்கும்போது மூல இருமை மறைந்துவிடாது, கண்ணாடியில் போலத் திரும்பத் தெரியும். அதே நேரத்தில் திறந்தும் கொள்ளும். ‘அல்லாதது’ என்று பெயரிட்டால்தான், ஒரு பொருள் தன் மறுப்போடு சேர்ந்து நிற்கும் நிலையை, அதாவது சதுரத்தின் இடப்பக்கத்தையும் வலப்பக்கத்தையும், யோசிக்கவே முடிகிறது.

பக்கங்களில் நிற்பவை

இடப்பக்கம் எளிது. ராபர்ட் ஸ்மித்சன் 1970 ஏப்ரலில் யூட்டா மாநிலத்தின் பெரிய உப்பு ஏரியில், ரோசல் பாயிண்ட் கரையிலிருந்து, கரிய பசால்ட் கல்லையும் மண்ணையும் கொட்டி இடஞ்சுழியாக ஒரு பாதை போட்டார்: ‘ஸ்பைரல் ஜெட்டி’. நீளம் 1,500 அடி, அகலம் 15 அடி, 6,000 டன்னுக்கு மேல் கல்லும் மண்ணும். சில ஆண்டுகளில் ஏரி நீர் உயர்ந்து மூடிவிட்டது; 2002 வாக்கில் மீண்டும் வெளிப்பட்டது. மைக்கேல் ஹைஸர் நெவாடாவில் ஒரு மேட்டுநிலத்தின் விளிம்பை எதிரெதிராக வெட்டிய ‘டபுள் நெகட்டிவ்’ இன்னொன்று. 1,500 அடி நீளம், 50 அடி ஆழம். அங்கே பார்க்க வைத்திருப்பது எடுத்துப் போட்ட மண் விட்டுச்சென்ற வெற்றிடம். நிலம் நிலமாகவே இருக்கிறது. அதன்மேல் நிலத்துக்கு உரியதல்லாத ஒரு குறி விழுந்திருக்கிறது.

குறி என்றால் மண்ணைப் புரட்டித்தான் ஆகவேண்டும் என்றில்லை. வால்டர் டி மரியா 1968இல் மொஹாவே பாலைவனத்தில் சுண்ணத்தூளால் இரண்டு இணைகோடுகள் இழுத்தார். ரிச்சர்ட் லாங் நடந்துபோய் எடுத்த புகைப்படங்களையும் கிரவுஸ் இந்தப் பக்கத்தில்தான் சேர்க்கிறார். புகைப்படத்தைப் படைப்பின் ஆவணம் என்று ஒதுக்கிவிடுவது புதிதாகப் படிப்பவர்கள் செய்யும் தவறு. அவருக்குப் புகைப்படமும் குறியிடும் ஒரு வழி.

வலப்பக்கம்தான் பலருக்கும் கடினம். ‘அடிகோள்’ என்ற சொல்லே மிரட்டுகிறது. கட்டடம் என்ற அனுபவத்துக்கு அடிப்படையாக இருக்கும் நிபந்தனைகளை, அதாவது திறந்திருத்தல், மூடியிருத்தல், உள்ளே, வெளியே என்பவற்றை, ஓர் உண்மையான இடத்தின்மேல் வரைந்து காட்டுவது என்று எடுத்துக்கொள்ளுங்கள். புரூஸ் நாமனின் 1970ஆம் ஆண்டு வீடியோ நடைபாதை ஒன்று இதற்குச் சரியான உதாரணம். இரண்டு சுவர்கள், நடுவே ஓர் ஆள் நேராக நடக்க மட்டும் போதுமான இடைவெளி, ஏறக்குறைய அரை மீட்டர். பாதையின் கடைசியில் தரையில் ஒன்றன்மேல் ஒன்றாக இரண்டு திரைகள். ஒன்றில் முன்பே பதிவுசெய்த வெறும் பாதை ஓடிக்கொண்டிருக்கும். மற்றதற்கு நேரடி இணைப்பு. அதன் கேமரா நீங்கள் நுழைந்த வாசலுக்கு மேலே, உயரத்தில் இருக்கிறது.

நீங்கள் உள்ளே நுழைந்து திரையை நோக்கி நடக்கிறீர்கள். திரையில் ஓர் ஆளின் முதுகு தெரிகிறது, அது நீங்கள்தான். கிட்டப் போகப் போக உருவம் பெரிதாகும் என்று உடம்பு எதிர்பார்க்கிறது. ஆனால் திரையை நெருங்குவதும் கேமராவைவிட்டு விலகுவதும் இங்கே ஒரே நடை. ஆகவே நீங்கள் சின்னதாகிக்கொண்டே போகிறீர்கள். மற்றத் திரையிலோ பாதையில் யாருமே இல்லை. சுவர்கள் தொடும் தூரத்தில் இருக்கின்றன, கட்டடம் என்பதில் ஐயமில்லை. ஆனாலும் நீங்கள் எங்கே இருக்கிறீர்கள் என்ற எளிய உறுதியை அது தர மறுக்கிறது. கட்டடமும் கட்டடம்-அல்லாததும் ஒருசேர நிற்பது என்றால் இதுதான். வெறும் விளக்கத்தால் இந்தப் பக்கம் பிடிபடாது. எந்த உடல் எங்கே போய் என்ன ஆகிறது என்று படிப்படியாக எழுதிப் பார்த்தால்தான் பிடிபடும்.

மேல்பக்கத்துக்கு மேரி மிஸ்ஸின் குழி இருக்கிறது. ஆலிஸ் ஏகாக்கின் வேலைகளும் அங்கே வரும். புதிர்ப்பாதைகளும் ஜப்பானியத் தோட்டங்களும் நிலவெளியாகவும் கட்டடமாகவும் ஒரே நேரத்தில் இருந்துவந்தவை என்று கிரவுஸ் நினைவூட்டுகிறார். அதாவது, இந்தச் சேர்க்கையை யோசிக்கக்கூடிய பண்பாடுகள் முன்பே இருந்தன. மேற்கின் நவீனக் கலைதான் அதற்குக் கதவடைத்து வைத்திருந்தது.

ஏன் இது பின்நவீனம்? கிரீன்பெர்க்கின் கணக்கில் ஒரு கலைஞர் தன் ஊடகத்துக்குக் கட்டுப்பட்டவர். கல்லோ உருக்கோ எதுவோ, அந்தப் பொருள்தான் அவருடைய எல்லை. கிரவுஸின் சதுரத்தில் வரையறை பொருளிலிருந்து வருவதில்லை. பண்பாட்டுச் சொற்களின்மேல் செய்யும் செயலிலிருந்து வருகிறது. அந்தச் செயலுக்குப் புகைப்படம், புத்தகம், கண்ணாடி, மண் எதையும் எடுத்துக்கொள்ளலாம். அதனால்தான் ஒரே கலைஞர் மூன்று பக்கங்களிலும் தென்படுகிறார். மோரிஸை எடுத்துக்கொண்டால், பழைய விமர்சகருக்கு அவர் நிலையில்லாமல் அலைகிறார் என்று தோன்றும். சதுரத்தை வைத்துப் பார்ப்பவருக்கு ஒரு களத்தைத் தொடர்ந்து உழுகிறார் என்று தெரியும். ஆகவே அடுக்க வேண்டியது படைப்புகளை. ‘ஸ்மித்சன் இந்தப் பக்கம், நாமன் அந்தப் பக்கம்’ என்று ஆட்களை அடுக்கினால் கட்டுரை எதிர்த்த அதே பழக்கத்துக்குத் திரும்பிவிடுகிறோம்.

இன்னொரு பழக்கத்தையும் அவர் கடுமையாகத் தாக்குகிறார். புதியது எதைக் கண்டாலும் உடனே அதற்கு ஒரு பாட்டன் பூட்டனைத் தேடிக் கொடுப்பது. பாலைவனத்தில் கோடு போட்டால் பெருவின் பழங்கால நாஸ்கா கோடுகள், கல்லை அடுக்கினால் இங்கிலாந்தின் ஸ்டோன்ஹெஞ்ச் கல்வட்டம். தமிழில் எழுதும்போது இந்த ஆசை நமக்கும் வரும்: மாமல்லபுரத்தில் பாறையையே செதுக்கினார்களே, அதுவும் ஸ்மித்சன், ஹைஸர் செய்தது போன்ற நிலக்கலைதானே என்று. இல்லை. பல்லவச் சிற்பி ‘சிற்பம் அல்லாதது’ எது என்று கேட்டு அந்தப் பாறைக்குப் போகவில்லை. அவருக்கு அந்தக் கேள்வியே கிடையாது. அப்படி ஒப்பிட்டால் இரண்டு பக்கமும் நஷ்டம். புதியதன் புதுமை மழுங்குகிறது, பழையதன் பொருளும் காணாமல் போகிறது. ‘சிற்பம்’ என்ற சொல்லை எவ்வளவு வேண்டுமானாலும் இழுக்கலாம் என்று ஆனபின், அந்தச் சொல்லுக்கு எதையும் பிரித்துக் காட்டும் வலு மிஞ்சாது.

சதுரம் பிடிக்காதது

இவ்வளவு கூர்மையான கருவிக்கும் எட்டாத இடம் உண்டு. மேல்பக்கத்தில் கிரவுஸ் வைக்கும் ஒரு படைப்பையே எடுத்துக்கொள்வோம். 1970 ஜனவரியில் ஸ்மித்சன் ஒஹையோவின் கெண்ட் ஸ்டேட் பல்கலைக்கழகத்துக்குப் போனார். சேற்றை ஊற்றி ஒழுகவிட நினைத்திருந்தார். கடுங்குளிரில் சேறு ஓடாது. வளாகத்தில் கிடந்த பழைய விறகுக் கொட்டகை ஒன்றைத் தேர்ந்து, மண்வாரி இயந்திரத்தால் அதன்மேல் மண்ணை அள்ளி அள்ளிப் போட வைத்தார். ஏறக்குறைய இருபது வாரல். கூரையின் நடு உத்தரம் விரிசல் விட்டதும் நிறுத்தினார். அந்த விரிசல்தான் படைப்பு. இனி அது தானாக இற்று விழட்டும் என்று விட்டுவிட்டார். ‘பாதி புதைந்த விறகுக் கொட்டகை’: கட்டடம் உண்டு, மண் உண்டு, சதுரத்தில் சரியாகவே உட்காருகிறது.

அதே ஆண்டு மே 4ஆம் தேதி, அந்த வளாகத்தில் வியட்நாம் போருக்கு எதிராகக் கூடிய மாணவர்கள்மேல் தேசியக் காவல்படை சுட்டது. நான்கு பேர் இறந்தார்கள். பிறகு யாரோ கொட்டகையின் நெற்றிக்கட்டையில் ‘மே 4 கெண்ட் 70’ என்று வெள்ளையில் எழுதிவைத்தார்கள். அன்றிலிருந்து அந்த உடைந்த உத்தரம் வேறு எதையோ சொல்லத் தொடங்கியது. 1975இல் கொட்டகையின் ஒரு பகுதி தீக்கிரையானது, எஞ்சியதும் பின்னர் அகற்றப்பட்டது. அந்தப் பெயிண்ட் எழுத்து சதுரத்தின் எந்தப் பக்கத்தில் வரும்? எந்தப் பக்கத்திலும் வராது. இடத்தை இழந்த சிற்பம் என்று தொடங்கிய வரலாற்றில், யாரும் திட்டமிடாமலே ஒரு நினைவுச்சின்னம் திரும்ப முளைத்திருக்கிறது. நிலவெளி, கட்டடம் என்ற சொற்களுக்குள் நிலம் யாருடையது, அங்கே யார் நடக்கலாம், யார் சுடப்பட்டார்கள் என்பவை அடங்குவதில்லை. சதுரத்தின் மேல் பின்னாளில் வந்த விமர்சனங்களில் எனக்கு மிகவும் வலுவாகப் படுவது இதுதான். மிவோன் குவோன் 2002இல் வெளியிட்ட ‘ஒன் பிளேஸ் ஆஃப்டர் அனதர்’ என்ற நூல் இடம் என்ற சொல்லையே சமூகம், நிறுவனம் என்று விரித்துப் பேசுவதால், கிரவுஸுக்கு அடுத்துப் படிக்க ஏற்றது. கிரவுஸும் பின்னாளில் ஊடகம் என்ற கேள்விக்கே வேறு வழியில் திரும்பிவந்தார்; ஆகவே 1979 கட்டுரையை அவருடைய இறுதித் தீர்ப்பாக மேற்கோள் காட்டக் கூடாது.

கட்டுரைக்குப் பின் வந்த ஒரு படைப்பில் கையைப் பழக்கிப் பாருங்கள். ரிச்சர்ட் செர்ராவின் ‘டில்டட் ஆர்க்’. 1981, நியூயார்க்கில் மத்திய அரசு அலுவலகங்களுக்கு முன்னிருந்த சதுக்கம். 120 அடி நீளம், 12 அடி உயரம் கொண்ட துருநிற எஃகுச் சுவர் சதுக்கத்தைக் குறுக்கே வெட்டி, சற்றே சாய்ந்து நின்றது. முதலில் அது என்ன செய்கிறது என்று மட்டும் எழுதுங்கள்: நேரே போகும் கால்களைச் சுற்றவைக்கிறது; சதுக்கத்தை இரண்டாக்குகிறது; நடக்க நடக்க எதிர்ப்பக்கத்தை மறைத்தும் திறந்தும் காட்டுகிறது. அடுத்து, எந்தச் சொற்களின்மேல் இந்தச் செயல் நடக்கிறது என்று கேளுங்கள். அது சுவர், ஆனால் எதையும் தாங்கவில்லை, எதையும் அடைக்கவில்லை. வலப்பக்கம் என்று முடிவுசெய்தால் அதற்கு நல்ல நியாயம் இருக்கிறது. கீழ்ப்பக்கம் என்று வாதிடவும் இடமுண்டு, வாதம் நடக்கட்டும்.

அங்கே வேலைபார்த்தவர்களில் பலர் அதை எடுக்கச் சொன்னார்கள். 1985 மார்ச்சில் பொது விசாரணை நடந்தது. கிரவுஸ் அங்கே போய்ச் சாட்சி சொன்னார். இந்த வளைவு பார்ப்பவரின் பார்வைக் கோட்டையே எப்படிச் சிற்பமாக்குகிறது என்று விளக்கினார். இடத்தைவிட்டு எடுத்தால் படைப்பு அழிந்துவிடும் என்பது செர்ராவின் நிலை. 1989 மார்ச் 15 இரவு அதை அறுத்து எடுத்துக்கொண்டு போய்க் கிடங்கில் போட்டார்கள்.